தபசுப் பூனையும் மிச்சப் பத்தியும்: ஒரு சிற்பத்துக்கு அர்த்தம் சொல்லிப் பழகுவது எப்படி

23 வருஷம் டிராயிங் டீச்சராக இருந்தேன். ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளை வருஷா வருஷம் மாமல்லபுரத்துக்குக் கூட்டிப்போவேன். திரும்பி வந்த வாரமே ஒரு சின்னத் தேர்வு இருக்கும். பெரிய பாறைச் சிற்பத்தின் படத்தை ஒட்டி, "இது என்ன சிற்பம்?" என்று ஒரு கேள்வி. "அர்ச்சுனன் தபசு" என்று எழுதினால் 2 மதிப்பெண்.

ஒரு வருஷம் ஒரு பெண் இப்படி எழுதியிருந்தாள்: "தெரியாது. ஆனால் எல்லாரும் நடுவில் இருக்கிற வெடிப்பைப் பார்த்துத் திரும்பியிருக்கிறார்கள்." சிவப்பு மையில் முட்டை போட்டுக் கொடுத்தேன். பேப்பரை வாங்கிக்கொண்டு அவள் நகரவில்லை. "மிஸ், அர்ச்சுனன்னா, சிவன்கூட போடற சண்டை எங்க மிஸ்?" என்றாள். "போய் உட்காரு" என்றேன். அதைத் தவிர வேறு பதில் என்னிடம் இல்லை.

அந்த நிமிஷமே எனக்குப் புத்தி வந்தது என்று சொன்னால் பொய். அடுத்த வருஷம் அதே பாறை முன்னால் நின்றபோதுதான், ஆறு தடவை வந்தும் நான் இதைப் பார்த்ததே இல்லை என்று தெரிந்தது. பெயரைச் சொல்லிவிட்டு, அட்டெண்டென்ஸ் எடுத்துவிட்டு, இளநீர்க் கடைக்குப் போயிருக்கிறேன். அதற்கப்புறம் பிள்ளைகளோடு சேர்ந்து நானும் பழகிக்கொண்ட முறையைத்தான் இங்கே எழுதுகிறேன். கலைத் தத்துவம் படித்திருக்க வேண்டாம். அதில் வரும் பெரிய கேள்விகள் எல்லாம் இந்தப் பாறை முன்னாலேயே தானாக வந்து நிற்கும்.

கோடு போடாத 80 பக்க நோட்டு, பென்சில், தண்ணீர் பாட்டில், இரண்டு மணி நேரம். போன் பைக்குள் இருக்கட்டும். போட்டோ எடுத்ததும் 'வீட்டில் பார்த்துக்கொள்ளலாம்' என்று கண் ஓய்வெடுத்துக்கொள்கிறது, வீட்டிலும் யாரும் பார்ப்பதில்லை. காலை ஏழு மணிக்கெல்லாம் அங்கே இருங்கள். பாறை கிழக்கு பார்த்தது. காலை வெயில் சாய்வாக விழும்போது ஒற்றைக் காலில் நிற்பவரின் விலா எலும்புகள் ஒவ்வொன்றாகத் தெரியும். உச்சி வெயிலில் அதே உடம்பு தட்டையாகிவிடும். பஸ் தாமதமாகிப் பதினொன்றரைக்குப் போய்ச் சேர்ந்த வருஷம், பிள்ளைகள் வரைந்த தபசி நன்றாகச் சாப்பிட்டவர் மாதிரி இருந்தார்.

முதல் முக்கால் மணி நேரம்: பெயர் சொல்லத் தடை

ஏறக்குறைய 29 மீட்டர் அகலம், 13 மீட்டர் உயரம். மொத்தத்தையும் ஒரே பார்வையில் பிடிக்க முடியாது. தெருவுக்கு எதிர்ப்பக்கம் போய்ப் பத்து நிமிஷம் சும்மா நில்லுங்கள். அப்புறம் கிட்டே வந்து, மனதுக்குள் நான்கு கட்டமாகப் பிரித்துக்கொண்டு, ஒவ்வொரு கட்டத்திலும் கண்ணில் படுவதை எழுதுங்கள். ஒரே ஒரு நிபந்தனை உண்டு. சிவன், அர்ச்சுனன், பகீரதன், நாகராஜன் என்று எந்தப் பெயரும் நோட்டில் வரக்கூடாது. புராணமே கேள்விப்படாத ஒருவர் எழுதுவது போல எழுத வேண்டும்.

என் பழைய நோட்டிலிருந்து ஒரு பக்கம்:

"இடப்பக்கம் மேலே. ஒல்லியான ஆள், தாடி, ஒற்றைக் கால், இரண்டு கையும் தலைக்கு மேல். பக்கத்தில் அவரைவிடப் பெரிய ஆள், நான்கு கை, ஒரு கை கீழே நீட்டி எதையோ கொடுக்கிறது. சுற்றிலும் குண்டு குண்டாகக் குள்ளர்கள். கீழே சின்னக் கோவில், உள்ளே ஒருவர் நிற்கிறார். கோவிலுக்கு வெளியே உட்கார்ந்திருப்பவர்களில் சிலருக்குத் தலை இல்லை (உடைந்தது). கீழே ஒருவர் துணி பிழிகிறார். ஒருவர் தோளில் குடம். நடுவில் வெடிப்பு. வெடிப்புக்குள் பாம்பு உடம்பு, மனிதத் தலை, கும்பிட்ட கை. வலப்பக்கம் யானை, நிஜ யானை அளவு. காலடியில் குட்டிகள். யானைக்கு முன்னால் பூனை. பூனையும் ஒற்றைக் காலில். கையைத் தூக்கியிருக்கிறது. சுற்றி எலிகள்."

துணி பிழிகிறவரை அதுவரை நான் பார்த்ததே இல்லை. 'அர்ச்சுனன் தபசு' என்ற தலைப்பில் அவருக்கு வேலை இல்லாததால் கண் அவரைத் தாண்டிப் போய்க்கொண்டிருந்தது. பெயர் தெரிந்த இடத்தோடு கண் நின்றுவிடுகிறது. அதனால்தான் இந்தத் தடை.

அப்புறம், என்ன தோன்றியது?

அர்த்தத்துக்குப் போவதற்கு முன்னால், உடம்பில் என்ன நடந்தது என்று ஒரு வரி எழுதுங்கள். சிரிப்பு வந்ததா, பயமா, வியப்பா? இதைச் சில்லறை வேலை என்று தள்ளிவிட வேண்டாம். தொல்காப்பியம் மெய்ப்பாடு எட்டு என்று எண்ணி வைத்திருக்கிறது. அதில் முதலாவதே நகை.

பிள்ளைகள் எல்லாரும் பூனையைப் பார்த்துத்தான் சிரிப்பார்கள். சரி, என்ன சிரிப்பு அது? அதற்கும் தொல்காப்பியத்தில் கணக்கு உண்டு. எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்ற நான்கிலிருந்து நகை பிறக்கும் என்கிறது. இந்த நான்கையும் கரும்பலகையில் எழுதி, "உங்க சிரிப்பு இதுல எது?" என்று கேட்பேன். வகுப்பு உடனே இரண்டாக உடையும். பூனை போலிச் சாமியார், அதைக் கேலி செய்கிறோம், அதனால் எள்ளல் என்பார்கள் பாதிப் பேர். எலிகளைப் பார்த்துத்தான் சிரிப்பு வந்தது, அதனால் பேதைமை என்பார்கள் மீதிப் பேர். மடன் என்றால் என்ன என்று யாராவது கேட்பார்கள். ஒருவர் சொல்லிக்கொடுத்ததைப் பிடித்துக்கொண்டு, பிடித்ததை விடாமல் இருப்பது என்று உரைகாரர்கள் விளக்குகிறார்கள். அதைச் சொல்லும்போதெல்லாம் அந்தச் சிவப்பு முட்டை எனக்கு ஞாபகம் வரும். எலிகளுக்கும் எனக்கும் பெரிய வித்தியாசம் இருக்கவில்லை.

ஒரே சிரிப்பைக் கொஞ்சம் பிரித்துப் பார்த்ததும் இரண்டு வியாக்கியானம் கிடைத்துவிட்டது. உணர்ச்சியிலிருந்து அர்த்தத்துக்கு இப்படித்தான் பாலம் போட வேண்டும்.

பையில் ஏற்கெனவே என்ன இருக்கிறது?

நம்மில் யாரும் வெறுங்கையோடு சிற்பத்தின் முன்னால் போய் நிற்பதில்லை. பூனையைப் பார்த்ததும் 'போலி' என்று ஏன் தோன்றியது? 'ருத்ராட்சப் பூனை' என்று வீட்டில் திட்டு வாங்கியே வளர்ந்தவர்கள் நாம். அந்தச் சொல் நமக்கு முன்னாலேயே அங்கே போய் நின்றுகொண்டிருக்கிறது. ஜெர்மானியத் தத்துவ அறிஞர் காடமர் 1960இல் வெளியான தம் பெரிய நூலில் இதைத்தான் விரிவாகப் பேசினார். முன்கருத்து இல்லாத புரிதல் என்று ஒன்று கிடையாது. அதை ஒழிக்கப் பார்ப்பதைவிட, அது இருப்பதைத் தெரிந்துகொண்டு அந்தப் படைப்போடு மோதவிட வேண்டும் என்பது அவர் வாதத்தின் சாரம். அதனால் நோட்டில் ஒரு பக்கம் ஒதுக்கி, 'எனக்கு முன்னாலேயே தெரிந்தது' என்று தலைப்புப் போட்டு எல்லாவற்றையும் கொட்டிவிடுங்கள். பாட்டி சொன்ன கதை, சினிமாவில் பார்த்தது, ஊர்த் தெருக்கூத்தில் கேட்டது, கைடு சொன்னது, எல்லாம்.

போலி என்ற முடிவை நான் ஒரு மாணவனிடம்தான் இழந்தேன். "மிஸ், பூனை பக்கத்துல எலி பயமில்லாம நிக்குது. தபசு நடக்கற இடத்துல பூனைகூட எலியைக் கடிக்காதுன்னு சொல்றாங்களோ?" என்றான். முனிவர் ஆசிரமத்தில் புலியும் மானும் ஒன்றாகத் தண்ணீர் குடிக்கும் என்று நாமும் எத்தனை கதையில் கேட்டிருக்கிறோம்! அதே பூனை, அதே எலி, நேர் எதிரான அர்த்தம். அவனுக்கு ருத்ராட்சப் பூனை என்ற வசவு தெரிந்திருக்கவில்லை, அவ்வளவுதான்.

அக்கம்பக்கத்தில் விசாரித்தல்

இப்போது பெயர்கள் வரலாம். ஆனால் எது எங்கிருந்து வந்தது என்று குறித்துக்கொண்டே வர வேண்டும். மூன்று இடத்தில் விசாரியுங்கள்: அதே கல்லில், அதே பல்லவர் நாட்டில், அதே காலத்தில்.

கல்லில்: வெடிப்புக்கு மேலே பாறை உச்சியில் தண்ணீர் தேக்கி வைக்க ஏற்பாடு இருந்ததற்கான தடயம் உண்டு. தேவையானபோது திறந்துவிட்டால் பாம்புகளின் மேல் தண்ணீர் வழிந்து இறங்கியிருக்கும். 1914இல் விக்தோர் கொலுபேவ் என்ற ஆய்வாளர் பிரெஞ்சில் எழுதிய கட்டுரையில், இது அர்ச்சுனன் கதை இல்லை, கங்கை பூமிக்கு இறங்கும் கதை என்றார். அப்படியென்றால் ஒற்றைக் காலில் நிற்பவர் பகீரதன். துணி பிழிகிறவரும் குடம் சுமப்பவரும் ஆற்றங்கரை மனிதர்கள். யானைகள் தண்ணீருக்கு வருகின்றன. என்னிடம் முட்டை வாங்கிய பெண் எழுதிய ஒரு வரியும் இதுதான்.

நாட்டில்: திருச்சி மலைக்கோட்டையில் மகேந்திரவர்மன் குடைவித்த குகையில் கங்காதரர் சிற்பம் இருக்கிறது. அங்கே சிவன் கங்கையைச் சடையில் ஏற்கிறார். மாமல்லபுரத்துச் சிவனோ ஒரு கையை நீட்டி வரம் கொடுக்கிறார், சடையில் எதையும் ஏற்கவில்லை. பல்லவச் சிற்பிகளுக்குக் கங்காதரர் தெரியாத உருவம் இல்லையே, பிறகு ஏன் இங்கே செய்யவில்லை? கங்கைக் கட்சிக்கு இது சங்கடம்.

காலத்தில்: பூனைக் கதை மகாபாரதத்திலேயே வருகிறது. உத்தியோக பருவத்தில், போருக்கு முன்னால், துரியோதனன் உலூகனைத் தூது அனுப்பித் தருமனைக் கேலி செய்யும்போது சொல்லி அனுப்புகிற கதை. கங்கைக் கரையில் கையைத் தூக்கித் தபசு செய்வதாக நடித்த பூனை, எலிகளின் நம்பிக்கையைச் சம்பாதித்து, தினம் சில எலிகளைத் தின்று கொழுக்கிறது. இதைப் படித்த அன்று வழக்கு முடிந்தது என்று நினைத்தேன். பிறகுதான் உறைத்தது, யாருக்குச் சாதகமாக முடிந்தது? கதை மகாபாரதத்தில் இருப்பதால் அர்ச்சுனன் கட்சி உரிமை கொண்டாடலாம். நடந்த இடம் கங்கைக் கரை என்பதால் கங்கைக் கட்சியும் கொண்டாடலாம். இரண்டு பேருக்கும் சாட்சி சொல்லிவிட்டுப் பூனை ஒற்றைக் காலில் நிற்கிறது.

செதுக்கியவரைக் கேட்டுவிட்டால் என்ன?

பிள்ளைகள் கட்டாயம் கேட்கும் கேள்வி இது. கேட்க வேண்டியதும்தான். பக்கத்திலேயே பூஞ்சேரியில் ஒரு பாறையில் சில பெயர்கள் வெட்டப்பட்டிருக்கின்றன: கேவாத பெருந்தச்சன், குணமல்லன், பய்யமிழிப்பான் என்று. இந்த ஊரில் வேலை செய்த சிற்பிகளின் பெயர்கள் என்று அறிஞர்கள் கருதுகிறார்கள். பெயர் கிடைத்தது. நோக்கம் கிடைக்கவில்லை. 'இது இன்ன கதை' என்று பெரிய பாறையில் கல்வெட்டும் இல்லை.

1946இல் அமெரிக்காவில் விம்சாட், பியர்ட்ஸ்லி என்ற இருவர் ஒரு கட்டுரை எழுதினார்கள். படைப்பாளியின் நோக்கம் நமக்குக் கிடைப்பதும் இல்லை, அதை வைத்துப் படைப்பை மதிப்பிடுவது சரியும் இல்லை என்பது வாதம். முதல் பாதி இந்தப் பாறைக்கு அப்படியே பொருந்தும். இரண்டாவது பாதியில் எனக்கு முழுச் சம்மதம் இல்லை. மாமல்லன் நாளை வந்து "அது பகீரதன்தான் அம்மா" என்று சொன்னால் நான் காது கொடுத்துத்தான் கேட்பேன். ஆனால் ஒன்று. அவர் சொன்ன பிறகும், சிவன் சடையில் ஏன் கங்கையை ஏற்கவில்லை என்று கேட்பேன். ராஜா சொன்னாலும் கல்லில் இல்லாதது இல்லைதானே.

மிச்சப் பத்தி

முக்கியமான வேலை இதுதான். நோட்டில் இரண்டு பக்கத்தை விரித்து, ஒவ்வொரு வியாக்கியானத்துக்கும் மேலிருந்து கீழாக ஒரு பத்தி (column) போடுங்கள். முதலில் எழுதிய பட்டியலை எடுத்து, ஒவ்வொரு உருவத்தையும் அந்த வியாக்கியானத்திடம் கொடுத்து, "இதை என்ன செய்யப்போகிறாய்?" என்று கேளுங்கள். பதில் இருந்தால் டிக். இழுத்துப் பிடித்து ஏதோ சொன்னால் பாதி டிக். பதிலே இல்லாததெல்லாம் கடைசியில் 'மிச்சம்' என்ற பத்தியில் விழும்.

அர்ச்சுனன் பத்தியில் தபசி, சிவன், வரம் கொடுக்கும் கை, வில் வைத்த வேடர்கள் எல்லாவற்றுக்கும் டிக். மிச்சம்: வெடிப்பு, நாகர்கள், தண்ணீர் ஏற்பாடு, காணாமல் போன சண்டை. கங்கைப் பத்தியில் வெடிப்பும் நாகரும் கரை மனிதர்களும் கும்மென்று உட்காருகிறார்கள். மிச்சம்: சிவனின் சடை. மயிலை சீனி. வேங்கடசாமி இதைச் சமணச் சிற்பம் என்று தனி நூலே எழுதினார். அந்தப் பத்தியையும் போடச் சொல்வேன். நான்கு கையோடு, கணங்கள் சூழ நிற்கிறவரிடம் வரும்போது எனக்கு அது இடறுகிறது. ஆனால் அவர் வாதத்தைப் படித்த பிறகுதான் அந்த நான்கு கையையும் நான் சரியாக எண்ணினேன்.

'ஆளாளுக்கு ஓர் அர்த்தம், எல்லாம் சரிதான்' என்று சொல்கிறவர்களிடம் இந்தப் பத்தியைக் காட்டுங்கள். எல்லாம் சரியாக இருந்தால் மிச்சம் விழாது. நிறைய மிச்சம் விழுகிற வியாக்கியானம் மோசமானது. மிச்சத்தை மறைக்கிற வியாக்கியானம் அதைவிட மோசமானது. பல வருஷம் என்னுடையது அந்த ரகம்.

சரி, இரண்டு பத்தியிலும் ஏறக்குறைய சம அளவு டிக் விழுந்தால்? அங்கேதான் சிலேடை ஞாபகத்துக்கு வர வேண்டும். பாம்புக்கும் எள்ளுக்கும் ஒரே வெண்பாவைப் பொருத்திக் காட்டிய காளமேகத்தைப் பள்ளியில் படித்தவர்கள் நாம். அதில் 'பாம்பா, எள்ளா, எது சரி?' என்று கேட்டால் வகுப்பே சிரிக்கும். பல்லவர் அவையோடு தொடர்புடைய வடமொழிப் புலவர் தண்டி. அவருடைய அணி நூலை ஒட்டித்தான் தமிழில் தண்டியலங்காரம் வந்தது. சிலேடை அதில் ஓர் அணி. வார்த்தையில் இரட்டைப் பொருளை ரசித்த அரசவை, கல்லிலும் அதை ரசித்திருக்காதா? கலை வரலாற்று ஆய்வாளர் பத்மா கைமல் 1994இல் எழுதிய கட்டுரையில், இந்தச் சிற்பத்தின் இரட்டைத்தன்மை வேண்டுமென்றே செய்த விளையாட்டு, அரசனின் அதிகாரத்தோடும் தொடர்புடையது என்று வாதிட்டார். எனக்கு இதுதான் பிடித்திருக்கிறது. ஆனால் சிலேடையில் ஒரு கறார் உண்டு. வெண்பாவின் ஒவ்வொரு சொல்லும் பாம்புக்கும் பொருந்த வேண்டும், எள்ளுக்கும் பொருந்த வேண்டும். ஒரு சொல் இடறினாலும் கவிராயர் தோற்றார். 'சிலேடை' என்று சொல்லி மிச்சப் பத்தியை மூடிவிட முடியாது.

எழுதும்போது நம் பழைய உரைகாரர்களைப் பாருங்கள். தன் பொருளை உறுதியாகச் சொல்லிவிட்டு, "என்று உரைப்பாரும் உளர்" என்று மற்றவருக்கும் ஒரு வரி இடம் விடுவார்கள். சில சமயம் அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு எதிராளி உயிரோடு இருக்கிறார். உங்கள் குறிப்பிலும் அப்படி ஒரு வரி இருக்கட்டும்.

கதையே இல்லாத படம் என்றால்?

ஓவியர் கே.சி.எஸ். பணிக்கர் 1963 வாக்கில் தொடங்கிய 'சொற்களும் குறியீடுகளும்' வரிசையில் ஒன்றின் அச்சுப் படத்தை வகுப்பில் மாட்டியிருந்தேன். மாமல்லபுரம் போகிற வழியில், ஈஞ்சம்பாக்கத்தில் இருக்கும் சோழமண்டலம் ஓவியர் கிராமத்தை 1966இல் தொடங்கியவர் அவர்தான். படம் முழுக்க எழுத்து மாதிரி, ஜாதகக் கட்டம் மாதிரி, கணக்கு மாதிரி. ஒரு பையன் மூக்கு ஒட்டுகிற தூரத்தில் நின்று, "மலையாளமா மிஸ்? படிக்க வரலையே" என்றான். அரை மணி நேரம் எழுத்துக்கூட்டிப் பார்த்தான். வராது, படிக்க முடியாத எழுத்து அது.

முறை அதேதான். முதலில் பெயர் சொல்லாமல் பார்ப்பது, அடுத்து என்ன தோன்றியது என்று எழுதுவது. அந்தப் பையன் எழுதியது: "எங்க தாத்தா டிரங்குப் பெட்டியில் இருக்கிற பத்திரம் மாதிரி இருக்கு. முக்கியமான விஷயம்னு தெரியுது. என்னன்னு தெரியல." அன்றைக்கு முழு மதிப்பெண் போட்டேன். கதை இல்லாத படத்தில் 'இது என்ன சொல்கிறது?' என்பதைக் கொஞ்சம் மாற்றி, 'இது என்னை என்ன செய்ய வைத்தது?' என்று கேளுங்கள். அவனை அரை மணி நேரம் எழுத்துக்கூட்ட வைத்தது.

பழகுவதற்குக் கடற்கரை வரை போக வேண்டும் என்று இல்லை. உங்கள் ஊர்க் கோவில் தூணில் ஒரு பக்கம் போதும். ஆனால் ஒரே தூணுக்கு மூன்று தடவையாவது போங்கள். முதல் தடவை எழுதியதைப் படிக்காமல் இரண்டாம் தடவை எழுதுங்கள். மிச்சப் பத்தியில் கூடினதா குறைந்ததா என்று பார்த்தால் போதும்.

என் நோட்டில் அந்தப் பத்தி இன்னும் காலியாகவில்லை. கோவிலுக்குக் கீழே, பாறைப் பொந்து ஒன்றில் ஒரு மான் உட்கார்ந்திருக்கிறது. பின்னங்காலைத் தூக்கி மூக்கைச் சொறிந்துகொள்கிறது. அர்ச்சுனனுக்கும் அதனால் பிரயோஜனம் இல்லை, பகீரதனுக்கும் இல்லை. ஒவ்வொரு வருஷமும் அதை வரையச் சொல்வேன். அந்தக் கால் வளைவு பிள்ளைகளுக்கும் வராது, எனக்கும் இதுவரை ஒரு தடவைகூடச் சரியாக வரவில்லை.